சத்தம் சேர்ப்பதற்கு முன்

"இந்தக் குப்பையைப் பதிவு பண்ணவா இவ்வளவு தூரம் வந்தீங்க?" என்று சிரித்தபடி அவர் பழைய கம்ப்யூட்டரைத் தட்டி எழுப்பினார்.

பழைய வீடியோ கேம்களைச் சேர்த்துவைக்கும் காப்பகத்திலிருந்து வந்திருந்த பெண் சிரிக்கவில்லை. கேமராவைச் சரிசெய்துவிட்டு, அவருக்கு நேரெதிரே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

"என்னைப் பார்த்துப் பேசுங்க சார். முகம் நல்லாத் தெரியணும்."

ஒவ்வொரு சொல்லையும் அழுத்தி அழுத்திச் சொன்னாள். அதிகாரி தோரணை என்று அவருக்குப் பட்டது.

ஒரு கிடங்குக் காவலாளி இருட்டில் திருடனைத் தேடும் விளையாட்டு அது. இதே அறையில் தனியாளாக உட்கார்ந்து அவர் உருவாக்கியது. கடைக்கு வந்ததும் சக்கைப்போடு போட்டது. அதிலும் அந்தத் திருடனின் காலடி ஓசை! முதுகுத்தண்டு சில்லிட்டுப் போனதாக எழுதாதவர்கள் இல்லை. அவள் கேட்டு வந்ததோ, அதற்கும் முன்னால் அவர் இணையத்தில் சும்மா போட்டுவைத்த முதல் பதிப்பை.

திரையில் காவலாளி டார்ச்சோடு நடந்தான். ஓரத்திலிருந்து ஒரு வெள்ளை வளையம் விரிந்து வந்தது. ஏதோ முணுமுணுத்தபடி அவர் விசையைத் தட்டினார்.

"திரும்பிச் சொல்லுங்க சார். இந்த வளையம் எதுக்கு?"

"திருடன் ஒரு அடி வெச்சா ஒரு வளையம். எந்தப் பக்கத்துல தோணுதோ, அந்தப் பக்கம் அவன் இருக்கான். கிட்ட வந்தா வளையம் பெருசாகும்."

"இந்த யோசனை எப்படி வந்துச்சு?"

"யோசனையாவது மண்ணாவது! அப்ப எனக்குச் சத்தம் சேர்க்கத் தெரியாது. ஏதோ ஒப்பேத்தினேன். 'ஊமை விளையாட்டு'ன்னு ஒருத்தன் கிண்டல் பண்ணி எழுதினான் பாருங்க, ரொம்ப நாள் தூக்கமே போச்சு. சத்தம் சேர்க்கக் கத்துக்கிட்டதும் மொத வேலையா வளையத்தைத் தூக்கிட்டேன்."

"ஏன் தூக்கினீங்க? ரெண்டும் இருந்திருக்கலாமே?"

கேள்வியில் குற்றச்சாட்டு இருந்தது. அவருக்குச் சுருக்கென்றது.

அந்த நேரம் பார்த்து அவர் மனைவி காபியோடு வந்து, அந்தப் பெண்ணின் நாற்காலிக்குப் பின்னால் நின்றாள்.

"சர்க்கரை போடலாமாம்மா?"

பதில் இல்லை. மறுபடி கேட்டாள். ஊஹூம். மனைவி அவரைப் பார்த்து உதட்டைச் சுழித்தாள். 'ராங்கியைப் பாருங்க' என்று அதற்கு அர்த்தம்.

வீட்டுக்கு வந்த இடத்தில் இவ்வளவு திமிரா? அவர் பொறுமை பறந்தது.

"இங்க பாருங்கம்மா, இதைக் காப்பகத்துல வைக்க நான் சம்மதிக்க மாட்டேன். உருப்படியா ஒண்ணு செஞ்சு முடிச்ச பிறகு, இந்த அரைவேக்காட்டைப் பார்த்து ஊர் சிரிக்கணுமா? இதைக் கடைசிவரைக்கும் ஆடினவங்க ஒருத்தர்கூட இருக்க மாட்டாங்க."

"நான் ஆடினேன். எத்தனை தடவைன்னு எனக்கே தெரியாது."

அவர் சற்றுத் தணிந்தார். "அப்ப கடைக்கு வந்ததை ஆடலையா?"

"ஆசை ஆசையா வாங்கினேன். தோத்துத் தோத்து, அழுதுட்டு மூடி வெச்சுட்டேன். திருடன் எப்ப வர்றான்னே தெரியல."

"அதான் காலடிச் சத்தம் கணீர்னு கேக்குதே! ஒரு நல்ல ஹெட்போன் மாட்டிக்கிட்டு ஆடிப் பாருங்க."

வந்ததிலிருந்து முதல் தடவையாக அவள் முகத்தில் சிரிப்பு வந்தது.

"சின்ன வயசுலயே எனக்குக் காது போயிடுச்சு சார், இப்பகூட நீங்க பேசறதை உங்க உதட்டைப் பார்த்துத்தான் புரிஞ்சுக்கறேன். எனக்குப் பின்னாடி ஒருத்தர் வர்றாங்கன்னு நான் திரும்பாமலே தெரிஞ்சுக்கிட்டது, இதுல மட்டும்தான்."