வெளிப்பக்கத் தாழ்ப்பாள்

“உள்ள வேணாம் தம்பி. வெளிப்பக்கமா போடு” என்றாள் ரேணுகாம்பாள்.

தச்சன் தருமனின் கை அப்படியே நின்றது. படுக்கையறைக் கதவுக்கு வெளியே தாழ்ப்பாளா? உள்ளே கட்டிலில் அவள் மகள் கவியா அழுதுகொண்டிருந்தாள்.

“வேணாம்மா. கெஞ்சிக் கேக்கறேன்.”

“நீ சும்மா இரு. மூணு தடவ ராத்திரில கதவத் தொறந்துகிட்டுப் போயாச்சு. போன வாட்டி அடி அண்ணாமலைலதான் புடிச்சாங்க தம்பி. வெறுங்கால்ல நடந்தா கிரிவலம்னு நெனச்சுக்கறாங்க, ஒருத்தரும் நிறுத்தல.”

சொல்லிவிட்டு அவள் சமையலறைக்கு நொண்டிக்கொண்டே போனாள். இரண்டு பாதத்திலும் கட்டு. மகளைத் தேடி அலைந்த கால் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டான்.

வேங்கிக்காலில் இத்தனை பெரிய வீட்டைக் கட்டிக்கொண்டு, வயசுப் பெண்ணை மாடு மாதிரி அடைப்பார்களா? அட கொடுமையே!

“அது டவர் போல்ட்டுதானேண்ணா?” என்று உள்ளேயிருந்து கேட்டாள் கவியா. பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷ் டீச்சர். “போல்ட்டுன்னா ஆதியில அம்புண்ணா. அப்புறம்தான் தாழ்ப்பாள் போடறதுக்கு அந்தப் பேரு வந்துச்சு. பிச்சுகிட்டு ஓடறதுக்கும் அதே வார்த்தைதான்.”

சிரிக்கப் பார்த்தாள், அழுகைதான் வந்தது.

ஜாடையாகச் சொல்கிறாள் என்றே தருமன் எடுத்துக்கொண்டான். நீள ஸ்க்ரூக்களைப் பைக்குள் போட்டுவிட்டு, இருப்பதிலேயே பொடி ஸ்க்ரூவாகப் பார்த்து முடுக்கினான். பார்க்கக் கெட்டியாகத்தான் இருந்தது. உள்ளேயிருந்து நாலு உலுக்கு உலுக்கினால் கையோடு வந்துவிடும். தப்பிச்சுப் போ தாயே என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டான்.

ரேணுகாம்பாள் தலையணையும் சொம்புத் தண்ணீருமாக வந்தாள். அறைக்குள் வைத்துவிட்டு மகளைக் கைபிடித்து எழுப்பி வெளியே கூட்டி வந்தாள். அம்மாவின் தோளில் சாய்ந்து கவியா விசும்பினாள்.

“அழுவாத. உங்க பெரியம்மா மாதிரி நானும் ஒருநாள் லாரில அடிபட்டுச் சாவணுமா?” என்று அவள் தலையைத் தடவினாள்.

பிறகு தாழ்ப்பாளைத் தொட்டுப் பார்த்துவிட்டுத் தருமன் பக்கம் திரும்பினாள்.

“நெனப்பு தப்பிட்டா நான் உள்ளேருந்து எவ்ளோ உலுக்கினாலும், இது பேந்து வராதில்ல தம்பி?”