கமிஷனருக்காக மெழுகிய தரை

ஆட்டோவை விட்டு இறங்கியதும் அவர் கண் ஆட்டுக்கொட்டிலைத் தேடியது.

காணோம்.

கொட்டில் மட்டுமா? விறகுக் குவியல் இல்லை. சாம்பல் மேடு இல்லை. துணி காயப்போடும் கொடிக்கயிறுகூட இல்லை. வீட்டுக்குப் பின்னால் அத்தனை இடமும் துடைத்துவிட்டாற்போல் கிடந்தது. சாணி போட்டு மெழுகி, நடுவில் தாமரைக் கோலம் வேறு.

கோலத்துக்குப் பக்கத்தில் பேச்சியம்மாள் நின்றாள். தலைக்குக் குளித்து, கல்யாண வீடுகளுக்கு மட்டும் கட்டுகிற பச்சைப் பட்டில். எப்படி இருக்கிறது என்று கண்ணாலேயே புருஷனைக் கேட்டாள்.

அவர் கொட்டில் இருந்த இடத்தையே மறுபடி பார்த்தார்.

பின்னாலேயே கார் வந்து நின்றது. கோர்ட் அனுப்பிய கமிஷனர் இறங்கினார். சின்ன வயது வக்கீலம்மா.

அந்தப் பின்னிடம் யார் கையில் இருக்கிறது என்பதுதான் கேஸ். வெற்றிடம், யாரும் புழங்கவில்லை, மூட்டை அடுக்க அரசாங்கக் கிட்டங்கி கட்டப் போகிறோம் என்று தாலுகா ஆபீஸ் கோர்ட்டில் எழுதிக் கொடுத்திருந்தது. இல்லை, எங்கள் அப்பன் காலத்திலிருந்து ஆடு கட்டுகிற இடம் என்று இவர் சொன்னார். போய்ப் பார்த்துவிட்டு வந்து சொல்லுங்கள் என்று நீதிபதி கமிஷனரை அனுப்பிவிட்டார்.

உள்ளது உள்ளபடி இருக்கட்டும், ஒரு துரும்பைக்கூடத் தொடாதீர்கள் என்று இவருடைய வக்கீல் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். அதை இந்த மனுஷன் வீட்டில் சொன்னாரா? கோர்ட்டிலிருந்து ஓர் அம்மா வருகிறது என்று மட்டும் சொல்லிவிட்டு, கமிஷனரைக் கூட்டிவர விடியக்காலையில் டவுன் பஸ் ஏறிவிட்டார். பெரிய இடத்து மனுஷி வருகிறாள் என்றால் பேச்சியம்மாள் புழுக்கையையும் மூத்திர வாடையையும் விட்டு வைப்பாளா? கொட்டிலையே பிரித்து ஒதுக்கிவிட்டாள்.

பிள்ளையார் பிடிக்கப் போய்க் குரங்காய் முடிந்தது.

தாலுகா ஆபீஸ் சார்பில் வந்திருந்த ரெவின்யூ இன்ஸ்பெக்டருக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. நாங்கள் எழுதிக் கொடுத்ததில் ஓர் எழுத்து தப்பா மேடம் என்றார். பேச்சியம்மாள் கமிஷனருக்காகப் போட்டிருந்த நாற்காலியில் அவரே உட்கார்ந்துகொண்டார்.

ஆடு எங்கே கட்டுவீர்கள் என்று கமிஷனர் கேட்டார். இங்கே, அந்த மூலையில், இதோ இங்கே என்று பேச்சியம்மாளின் புருஷன் வெறுந்தரையைக் காட்டினார். அவருக்கே அது பொய்போலக் கேட்டது. கமிஷனர் நிமிராமல் எழுதினார்.

பேச்சியம்மாளுக்கு அப்போதுதான் விளங்கியது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு புருஷன் பக்கத்தில் வந்து நின்றாள்.

“நா கெடுத்துப்புட்டனா?”

திட்டத்தான் வாயெடுத்தார். பார்த்தால் பட்டுச்சேலைக்காரியின் நகக்கண்ணெல்லாம் சாணி. காலையிலிருந்து ஒரு வாய்க் காப்பி குடித்திருக்க மாட்டாள், கிறுக்கி. பாவமாக இருந்தது.

இல்லை என்று தலையை ஆட்டினார்.

அளந்து, படம் எடுத்து முடிக்கையில் பொழுது சாய்ந்தது. மேய்ச்சலுக்குப் போன மந்தை தெருவில் திரும்பியது.

தெற்குத் தெரு மதினியின் மந்தை. தன் ஆடுகளையும் அதோடு ஓட்டிவிட்டு, இன்றைக்கு ஒரு ராத்திரி உங்கள் தொழுவிலேயே அடைத்துக்கொள்ளுங்கள் என்று பேச்சியம்மாள் சொல்லி வைத்திருந்தாள். மதினிக்குச் சொன்னாள். ஆட்டுக்கு யார் சொன்னது?

மந்தையிலிருந்து இவர்கள் ஆடுகள் மட்டும் பிரிந்தன. வேலிச்சந்து வழியே உள்ளே வந்தன. கோலத்தை மிதித்தன. கொட்டில் இல்லையே என்று ஒன்றும் திகைக்கவில்லை. குட்டிகள் சுவரோரம் போயின. கிடாய் அது வழக்கமாகக் கட்டிக் கிடக்கிற மூலைக்குப் போனது. அதனதன் இடத்தை முன்னங்காலால் பிராண்டிவிட்டுப் படுத்தன.

ஒன்று மட்டும் படுக்கவில்லை. கிழட்டு வெள்ளாடு. ரெவின்யூ இன்ஸ்பெக்டரின் நாற்காலிக்கு முன்னால் நின்று அவரையே பார்த்தது.

அவர் சூ என்று விரட்டினார். நகரவில்லை. நாற்காலியை நெற்றியால் ஒரு தள்ளு தள்ளியது.

கமிஷனர் எழுதுவதை நிறுத்தினார்.

“சார், கொஞ்சம் எந்திரிங்க. அது படுக்கணும்.”

இன்ஸ்பெக்டர் எழுந்தார். நாற்காலியையும் தூக்கிக்கொண்டார். ஆடு பிராண்டிப் படுத்து, அசைபோடத் தொடங்கியது.

கமிஷனர் புதுப் பக்கம் புரட்டினார்.

மூலையில் கிடாய் எழுந்து, மெழுகிய தரையில் தாராளமாக மூத்திரம் பெய்தது. பேச்சியம்மாள் பதறிப்போய் விளக்குமாற்றை எடுக்க ஓடினாள்.

புருஷன் எட்டி அவள் கையைப் பிடித்தார்.

அத்தனை பேர் முன்னால் பிடித்த கையை, கார் புறப்பட்டுப் போகும்வரை விடவில்லை.