கட்டிலில் மாப்பிள்ளை

அமாவாசையும் அதுவுமாகத் தங்கை புருஷனின் பாத்திரக்கடை பூட்டிக் கிடந்ததைப் பார்த்ததும் இளமாறனுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. மேல்மலையனூர்க் கோயிலுக்குப் போகும் அமாவாசைக் கூட்டமெல்லாம் செஞ்சிக் கடைத்தெரு வழியாகத்தானே போகும்!

விறுவிறுவென்று ஆஸ்பத்திரிக்குப் போனார். தங்கைக்கு ஏழாம் மாதமே பிரசவமாகி, குழந்தையைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருந்தார்கள். தாய்மாமனுக்கே இன்னும் காட்டவில்லை.

வார்டில் தங்கை தமிழ்மொழி ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள். கட்டிலில் மாப்பிள்ளை புகழேந்தி, கழுத்துவரை போர்த்திக்கொண்டு சாய்ந்திருந்தார்.

"இன்னா மாப்ள, பெத்தவ ஸ்டூல்ல உக்காந்திருக்கா, நீங்க ஹாயா படுத்துக்கினு இருக்கீங்க?"

"மெதுவா பேசுங்க மச்சான். எழுந்திரிக்கக் கூடாதுன்னு நர்ஸம்மா சொல்லியிருக்காங்க."

"உங்களுக்கு இன்னா நோவு?"

தமிழ்மொழி சிரித்தபடி போர்வையை லேசாக விலக்கினாள். மாப்பிள்ளையின் வெற்று மார்பில், குட்டித் தொப்பி போட்டுக்கொண்டு, குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது.

"முந்தாநாளுதான் பெட்டியிலேர்ந்து எடுத்தாங்கண்ணா. கங்காரு, முழுசா வளராத குட்டியப் பெத்து பையில வச்சித்தானே வளக்குது? அதே மாதிரி நெஞ்சுல ஒட்டி வச்சிக்கச் சொன்னாங்க. எங்க சூட்டுலயே நாப்பது கிராம் ஏறிட்டா. இது இவரு முறை."

இளமாறன் குனிந்து குழந்தையின் முகத்தைப் பார்த்தார். பிறகு சட்டைப் பொத்தானைக் கழற்ற ஆரம்பித்தார்.

"இன்னாண்ணா பண்றே?"

"மாப்ள போயி கடையத் தொறக்கட்டும். நாளைக்கு காது குத்துறப்ப என் மடியிலதானே உக்காரப் போறா? இப்பவே பழகட்டும். கை கழுவ சோப்பு எங்க இருக்குது?"