ஜும்மா நேரத்துக் கீப்பர்

பந்து முதலில் தொட்டது மண்ணைத்தான்.

அப்புறம்தான் சோலைமுத்துவின் கையுறைக்குள் வந்து விழுந்தது. மட்டையின் விளிம்பில் பட்டு நேரே வருகிற பந்து கையில் விழுவதற்கும், மண்ணில் பட்டு எழும்பி வருகிற பந்து விழுவதற்கும் வித்தியாசம் உண்டு. கீப்பருக்கு அது தெரியாமல் போகவே போகாது.

தெரிந்தேதான் பந்தை மேலே தூக்கி எறிந்துவிட்டு, "அவுட்" என்று தொண்டை கிழியக் கத்தினான், பாவி.

சுற்றி நின்றவர்களும் சேர்ந்து கத்தினார்கள். ஷார்ஜா தொழில்பேட்டையில், இரண்டு கிடங்குகளுக்கு நடுவே கிடந்த பொட்டல்தான் மைதானம். கிளம்பிய புழுதியில் அம்பயருக்கு ஒன்றும் தெரியவில்லை. பர் துபாயில் துணிக்கடை வைத்திருக்கும் குஜராத்தி அவர். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே சோலைமுத்துவைப் பார்த்தார்.

வெள்ளிக்கிழமை ஆட்டங்களில் அதுதான் வழக்கம். சந்தேகம் வந்தால் கீப்பரைக் கேட்பார்கள். கீப்பர் சொன்னால் அத்தோடு முடிந்தது.

அந்த வழக்கமே நெய்னா முகம்மதுவால் வந்தது. கம்பெனி அணியின் கீப்பர், தொண்டிக்காரர். கோப்பையே கைவிட்டுப் போகிற நேரத்திலும், தரையில் பட்டுவிட்டது என்று தானாகவே சொல்லிவிடுவார். சொந்த அணிக்காரர்களே அவரைக் கண்டபடி திட்டியிருக்கிறார்கள்.

சோலைமுத்து அவருக்கு மாற்றாள். பெயர் என்னவோ ரிசர்வ் கீப்பர். செய்ததெல்லாம் தண்ணீர் சுமந்ததும், நெய்னாவுக்குப் பந்து எறிந்து பயிற்சி கொடுத்ததும்தான். அவன் உள்ளே இறங்க இருந்த ஒரே நேரம், வெள்ளி மதியத்து ஜும்மா தொழுகை. மதியத்துக்கு மேல் மைதானத்தை வேறு கம்பெனி வாடகைக்கு எடுத்திருக்கும், ஆட்டத்தை நிறுத்த முடியாது. அதனால் நெய்னா பள்ளிவாசலுக்குப் போய்விட்டு வரும்வரை இவன் நிற்பான். அவர் வந்ததும் கையுறையைக் கழற்றிக் கொடுத்துவிட்டு வெளியே போய் உட்காருவான். வருஷக்கணக்காக அவனுடைய கிரிக்கெட் வாழ்க்கை இவ்வளவுதான்.

இதில் ஊருக்குப் போன் பேசும்போது மட்டும், கம்பெனி கீப்பரே தான்தான் என்று பீற்றிக்கொள்வான்.

ஆனால் இன்றைக்கு விஷயம் வேறு. இரண்டாயிரத்து ஒன்பது அது. துபாய்ப் பக்கமெல்லாம் பண நெருக்கடி வந்து, பாதி எழும்பிய கட்டடங்களெல்லாம் அப்படியே நின்றுபோயின. தொழிலாளர் கேம்பில் தினமும் யாராவது வேலை போய்ப் பெட்டி கட்டினார்கள். மேனேஜர் கல்யாணசுந்தரத்துக்குக் கிரிக்கெட் பைத்தியம் என்பதால், அணியில் ஆடுகிறவர்களை மட்டும் ஸ்டோர் வேலையில் போட்டு எப்படியோ காப்பாற்றிக்கொண்டிருந்தார். நெய்னா அடுத்த வாரம் விசாவைக் கேன்சல் செய்துவிட்டு ஊரோடு போகிறார். அவர் இடத்துக்குச் சோலைமுத்துவா, வெளியாளா? இறுதி ஆட்டத்தில் பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்று சொன்ன கல்யாணசுந்தரம், அதோ, கார் நிழலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்.

அம்பயர் கேட்டார். சோலைமுத்து தலையை ஆட்டினான்.

"அண்ணே, தரையில பட்டுச்சேண்ணே." மட்டையோடு நின்ற எதிரணி விமல், அவனுக்கு மட்டும் கேட்கிற மாதிரி தமிழில் சொன்னான்.

சோலைமுத்து குனிந்து கால் பேடின் வாரை இறுக்கினான். அது ஏற்கெனவே இறுகித்தான் இருந்தது.

விமல்தான் கடைசி விக்கெட். கோப்பை வந்துவிட்டது! கல்யாணசுந்தரம் நாற்காலியைத் தள்ளிவிட்டு ஓடிவந்து, இனிமேல் நீதான் கீப்பர் என்று அவனைக் கட்டிக்கொண்டார். இத்தனை வருஷம் காத்துக்கிடந்த வார்த்தை. அதைக் கேட்டதும் சோலைமுத்துவின் கண் விமலைத்தான் தேடியது.

அதற்குள் விமலின் ஆட்கள் அம்பயரைச் சூழ்ந்துகொண்டார்கள். வாய்ச்சண்டை முற்றி, யாரோ யாருடைய சட்டையையோ பிடித்தார்கள். சொல்லித் தொலைத்துவிடலாம் என்று சோலைமுத்து நினைத்தான். நிஜமாகவே நினைத்தான். கூட்டத்தை நோக்கி நடக்கவும் ஆரம்பித்தான்.

அந்த நேரம் பார்த்து, தொழுகைத் தொப்பியைக்கூடக் கழற்றாமல் நெய்னா வந்து சேர்ந்தார். என்ன தகராறு என்று ஒருவரிடம் கேட்டுக்கொண்டார். கூட்டத்தை விலக்கிக்கொண்டு நடுவில் போய் நின்றார்.

"பள்ளியில இருந்து நேரா வர்றேன். அல்லா மேல ஆணையா சொல்றேன், அது கேட்ச்தான். இவன் என் ரூம்காரன், பொய் சொல்ல மாட்டான்."

எதற்கும் ஆணையிடாத மனிதர் அவர். ரூமில் செல்போன் காணாமல்போய் எல்லோரும் ஆளுக்கொரு சத்தியம் செய்தபோதுகூட, ஆணை என்பது விளையாட்டுக் காரியமில்லை என்று மறுத்தவர். அது விமலுக்கும் தெரிந்திருக்க வேண்டும். மட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, நீங்கள் சொன்னால் சரி பாய் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

நெய்னா, சோலைமுத்துவின் தோளில் கை போட்டுத் தனியே கூட்டிப்போனார்.

"கேட்ச்தானடா?"

ஆணையிட்ட பிறகுதான் அவருக்குக் கேட்கவே தோன்றியிருக்கிறது.

உண்மையைச் சொன்னால் மனிதர் இந்த இடத்திலேயே உடைந்துபோவார். அவருக்காகத்தான் சொல்லாமல் இருக்கிறோம் என்று சோலைமுத்து தனக்குச் சொல்லிப் பார்த்தான். அவனாலேயே அதை நம்ப முடியவில்லை.

"கேட்ச்தாண்ணே."

"அல்ஹம்துலில்லாஹ்" என்று நெய்னா நெஞ்சில் கை வைத்துக்கொண்டு சிரித்தார்.