கட்டைவிரல் கமலக்கண்ணன்

என் முகத்தை வெட்டியவன் எங்கள் தெருமுனையில் காரை விட்டு இறங்கினான்.

ஜெர்மனிக்காரன். பேர் ஹோல்கர். ஆயுசு முழுக்க டிவிக்குக் கொலைப் படமாக எடுத்தவன். இரண்டு வருஷத்துக்கு முன்பு கிருமாம்பாக்கத்தில், எங்கள் தெருவிலேயே ஒரு படம் எடுத்தான். கொலையானவனை வாசலில் கிடத்தியிருப்பார்கள், ஜெர்மன் துப்பறிவாளர் வந்து பார்ப்பார். அந்தக் கொலையானவன் நான்.

நான் கேட்டது போலீஸ் வேஷம். அதை என் மச்சான் சம்மந்தத்துக்குக் கொடுத்துவிட்டார்கள். வரப்புத் தகராறில் எனக்கும் அவனுக்கும் பேச்சு வார்த்தை இல்லை. அவன் லத்தியோடு நின்றான். நான் நெற்றியில் காசோடு, கால் கட்டைவிரல் இரண்டையும் சேர்த்துக் கட்டி, மூச்சை அடக்கிக் கிடந்தேன். ஜெர்மனிக்காரனே கை தட்டினான்.

படத்தை எங்கள் டிவியில் போட்டு, தெருவையே கூப்பிட்டு உட்கார வைத்தேன். சம்மந்தம் முழுசாக வந்தான். நான் வந்தது கட்டைவிரல் மட்டும். முகமே இல்லை.

"வெரலு நல்லா நடிச்சிருக்குது" என்று முதலில் சிரித்தவள் என் மனைவி எல்லம்மாள். அன்றிலிருந்து ஊருக்கு நான் கட்டைவிரல் கமலக்கண்ணன்.

சம்மந்தம்தான் ஜெர்மனிக்காரன் காதில் ஏதோ ஓதி என் முகத்தை வெட்ட வைத்திருக்க வேண்டும். நாளைக்கு சம்மந்தம் மகள் கல்யாணம். "உங்க அண்ணன் வூட்டு வாசப்படிய மிதிக்கக் கூடாது" என்று எல்லம்மாளிடம் சொல்லிவிட்டேன். காலையிலிருந்து அவள் வாய் திறக்கவில்லை.

இப்போது அதே ஜெர்மனிக்காரன், மொழிபெயர்க்கிற பெண் அபிதாவோடு வந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினான். விடவே இல்லை.

"கையி இருக்கட்டும்மா. என் மூஞ்சி எங்கன்னு கேளு."

கேட்டாள். அவன் நிறையப் பேசினான்.

"இவரு எடுத்ததுலியே உங்க முகம்தான் நல்ல ஷாட்டாம் ஐயா."

"அப்புறம் ஏன் வெட்டினாரு? சம்மந்தம் சொன்னானா?"

"சம்மந்தமா, அது யாருன்னு கேக்குறாரு."

எனக்குச் சப்பென்று ஆகிவிட்டது.

"பொணத்தோட முகம் இல்லாம இன்னா கொலைப் படம்னு டிவிக்காரங்க சண்ட போட்டாங்களாம். இவரு முடியவே முடியாதுன்னுட்டாராம். அதோட இவருக்கு யாரும் படம் குடுக்கல. அதான் கடைசிப் படம்."

"அப்படி இன்னாம்மா என் மூஞ்சி மேல இவருக்குக் கோவம்?"

அபிதா வீட்டுக்குள் எட்டிப் பார்த்தாள். உள்ளே எல்லம்மாள் காரணமில்லாமல் பாத்திரத்தை உருட்டிக்கொண்டிருந்தாள்.

"சொல்லக் கூடாதுன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கியிருக்காங்க ஐயா. அன்னிக்கி ஷூட்டிங் முடிஞ்சி காரு ஏறும்போது உங்க வூட்டம்மா வந்து இவரு கையப் புடிச்சிக்கினு அழுதாங்க. 'கட்டவெரல வேணா வச்சிக்க சாமி, மூஞ்சிய எனக்கு உட்டுடு'ன்னாங்க. இத்தினி வருஷம் எத்தினியோ பொணம் காட்டினாராம். ஒரு பொணத்துக்காக நெஜமா அழுத ஒரே ஆளு அவங்கதானாம். நீங்க நல்லா இருக்கீங்களான்னு பாக்கத்தான் இவ்ளோ தூரம் வந்திருக்காரு."

பாத்திரச் சத்தம் நின்றது.

அவர் இன்னும் என் கையை விடவில்லை. நானும் இழுக்கவில்லை.

"எல்லம்மா" என்று கூப்பிட்டேன். "நாளைக்கி உங்க அண்ணன் வூட்டுக் கல்யாணத்துக்கு எந்தச் சட்டையப் போட்டுக்கட்டும்?"

உள்ளேயிருந்து மூக்கை உறிஞ்சுகிற சத்தம்.

"எதையாவது போட்டுக்க. மூஞ்சி இருக்குதில்ல, அது போதும்."