மோதிர விரல்

தேய்ப்புக் கடையில் என் புடவை எப்போதோ தயார். ஆனால் கோட்டு போட்ட ஒரு அப்பா, மகளோடு வந்து வாசலில் தயங்கும்போது எனக்குக் கால் நகருமா? இந்த ஊரில் மேனேஜராக இருந்தவராம். எந்த ஆபீஸ் என்று மகள் துளைக்கிறாள். அவர் கூரையை ஆராய்கிறார். அவள் கசங்கிய துப்பட்டாவோடு உள்ளே வந்து, எச்சில் தொட்ட மோதிர விரலை இஸ்திரிப் பெட்டியில் சட்டென்று வைத்துச் சூடு பார்க்கிறாள். கடைக்காரர் நிமிர்கிறார்.

“எல்லாரும் ஆள்காட்டி விரலைத்தானேம்மா வைப்பாங்க? இப்படி வெச்சவன் ஒருத்தன்தான், இங்க என்கூட வேலை பார்த்தவன். ஆள்காட்டி விரலைப் பொசுக்கிக்கிட்டான், அதுலேர்ந்து...” வாசலைப் பார்க்கிறார். “டேய் சுருக்கம்! நீயாடா?”

அப்பாவின் கை கோட்டுப் பைக்குள் ஒளிகிறது.

“மேனேஜர்னு சொன்னீங்களேப்பா?”

“எல்லாத்தையும் மேனேஜ் பண்ணேன்லம்மா.”

எனக்குச் சிரிப்பு முட்டுகிறது. அவள் சிரிக்கவில்லை. பையிலிருந்து அந்தக் கையை மெல்ல வெளியே எடுத்து, ஆள்காட்டி விரல் நுனியின் பழைய தழும்பை, இப்போதுதான் சுட்டதுபோல, ஊதிவிடுகிறாள்.