ஆறு அரியர், ஆறு வருஷம்

லேமினேட் செய்த தீர்ப்பை வகுப்பு ஆசிரியரின் மேசையில் வைத்தார் பரசுராமன். மகன் அன்புராஜ் வாசலிலேயே தயங்கி நின்றான்.

“படிங்க சார். என் பையனை நேரா மூணாம் வருஷத்துல சேத்துக்கணும்னு ஐகோர்ட்டே சொல்லிக்கீது.”

“கேஸ் எத்தனை வருஷம் நடந்துச்சு?”

“ஆறு. அரியரும் ஆறுதான். ஒரு வருஷம் நின்னு பாஸ் பண்ணிட்டு வான்னு உங்க காலேஜ்ல ரூல் பேசினாங்க. கடம்பத்தூர்ல பத்து காணி வெச்சிக்கினு, என் பையன் ஜூனியருங்களோட குந்துவானா?”

“அதுவரைக்கும் பையன்?”

“ஊட்லதான் இருந்தான். கேஸ் நடக்கசொல்ல வேலைக்கு அனுப்பினா என் கெத்து இன்னாவறது?”

ஆசிரியர் தீர்ப்பை மேசை ஓரமாக நகர்த்தி வைத்தார்.

“இவன்கூட ஸ்டீவன்னு ஒருத்தன், அதே ஆறு அரியர். அவங்கப்பா தேர்வாய் கண்டிகையில கூலிக்குப் போறவரு. ரோஷமே இல்லாம ரூலுக்குத் தலையாட்டிட்டு, ஒரு வருஷம் நின்னு எழுதினான். இப்ப எங்க கீறானோ.”

ஆசிரியர் வருகைப் பதிவேட்டைத் திறந்தார்.

“இன்னாடா அங்கியே நிக்கிற? சாருக்கு வணக்கம் சொல்லு.”

அன்புராஜ் தலையைக் குனிந்தபடியே உள்ளே வந்தான்.

“என் பேரை எழுதிட்டியா, ஸ்டீவா?” என்று மெல்லக் கேட்டான். அப்பாவைப் பார்த்துவிட்டுத் திருத்திக்கொண்டான்.

“எழுதிட்டீங்களா, சார்?”